தங்காயி அம்மாளும் ஆமைக்கு ஆகிற பூக்களும்

போன ஞாயிற்றுக்கிழமை காலை பதினொரு மணி. ஏற்காட்டில் அறையைக் காலி செய்கிறவர்களும் புதிதாக வருகிறவர்களும் ஒன்றாக வந்து நெருக்கும் நேரம். நான் வேலை பார்க்கும் லாட்ஜின் ரிசப்ஷனில் ஒரு குடும்பத்துக்குச் சாவியை நீட்டிக்கொண்டிருந்தபோது போன் அடித்தது.

“ஏனுங்க சார், முருகேசன் பேசறனுங்க. அம்மா போயிட்டாங்க.”

“எப்பங்க?”

“இப்பத்தானுங்க. காப்பி கேட்டாங்க. ஆத்தி எடுத்துக்கிட்டு வந்து பாத்தா…”

எதிரே நின்றவர் சாவியை என் கையிலிருந்து வாங்கிக்கொண்டு, வெந்நீர் எப்போது வரும் என்று கேட்டார். “காலையில ஆறுல இருந்து ஒம்பது வரைக்கும் வருங்க சார்,” என்றேன். அதன் பிறகு இன்னும் நான்கு குடும்பங்களுக்குச் சாவி கொடுத்தேன். நான்கு பேருக்கும் அதே வெந்நீர்க் கணக்கைச் சொன்னேன். அங்கிருந்து நகர முடியவில்லை. அந்த மேசைக்கு என்னை விட்டால் ஆளில்லை. தங்காயி அக்கா இறந்த செய்தியை நான் இப்படி நின்றபடி கேட்டு, நின்றபடியே விழுங்கினேன்.

ஏற்காடு ஒண்டிக்கடை நிறுத்தத்தில் பஸ்ஸை விட்டு இறங்கிய உங்களில் பலரும் அவரைப் பார்த்திருப்பீர்கள். பேக்கரிக்கும் மருந்துக் கடைக்கும் நடுவே நீலத் தார்ப்பாய் கட்டிய ஒரு பூக்கடை. கடை என்பதைவிட, ஒரு ஸ்டூல், ஒரு மரப்பலகை, இரண்டு ஈரச் சாக்கு என்று சொல்வது சரி. அதன் பின்னால் காதில் கல்தோடும், தோளில் ஒரு பழைய ஸ்வெட்டருமாக உட்கார்ந்து, நிமிர்ந்து பார்க்காமலே மாலை கட்டிக்கொண்டிருந்தவர்தான் தங்காயி அம்மாள். ஊர் ஏற்காட்டை அடுத்த செம்மநத்தம். கணவர் காப்பி எஸ்டேட்டில் வேலை பார்த்து, நடு வயதிலேயே இறந்துவிட்டார். ஒரே மகன் முருகேசனும் அதே எஸ்டேட்டில்தான் வேலை. அக்காவுக்கு அறுபது வயது தாண்டியிருக்கும். சரியான வயது அவருக்கே தெரியாது.

எங்கள் லாட்ஜுக்கும் அவர்தான் பூ கொடுப்பார். நான் சேலத்திலிருந்து இங்கே வேலைக்கு வந்த முதல் வாரத்தில், ரிசப்ஷனில் மாட்டியிருக்கும் முருகர் படத்துக்கு மாலை கொண்டுவந்தவர், என்னை ஏற இறங்கப் பார்த்துவிட்டு, “புதுசுங்களா? ஸ்வெட்டர் கொண்டாரலீங்களா?” என்று கேட்டார். இல்லை என்றேன். “சேலத்துக்காரங்க எல்லாரும் இப்படித்தானுங்க, வெறுஞ்சட்டையோட ஏறி வந்துட்டு நடுங்குவாங்க,” என்று சொல்லிவிட்டுப் போய்விட்டார். எங்கள் பழக்கம் அதோடு ஆரம்பித்தது. பல வருடங்கள் அது “வந்துட்டனுங்க,” “சரிங்கக்கா” என்ற இரண்டு வார்த்தைகளைத் தாண்டவில்லை. ஆமை வந்த பிறகுதான் நான் அவரை அறிந்தேன்.

நாலரை வருடம் முன்பு, மழைக்காலம் முடிந்த சமயம். ஏழாம் நம்பர் அறையைச் சுத்தம் செய்யப் போனவர்கள் பதறிக்கொண்டு வந்து என்னைக் கூப்பிட்டார்கள். குளியலறையில் ஓட்டை போட்ட ஓர் அட்டைப்பெட்டி. அதற்குள் சாப்பாட்டுத் தட்டு அகலத்தில் ஒரு ஆமை. பழுப்பு ஓடு, முன்கால்களில் தடித்த செதில்கள். தலையை முழுதாக உள்ளே இழுத்துக்கொண்டிருந்தது. அறையில் தங்கியிருந்தவர்கள் விடியற்காலையிலேயே போய்விட்டிருந்தார்கள். அவர்கள் கொடுத்த போன் நம்பரை ஒரு வாரம் அழைத்துப் பார்த்தேன். அணைத்தே வைத்திருந்தார்கள்.

எங்கள் முதலாளி கெட்டவர் அல்ல. ஆனால் தொழில் நடக்கும் இடத்தில் ஆமை இருப்பது நல்ல சகுனமில்லை என்று நம்புகிறவர். “ஏரியில கொண்டுபோய் விட்டுடப்பா,” என்றார். அதற்குள் நான் வனத்துறைக்குச் சொல்லியிருந்தேன். வந்து பார்த்த வனவர், இது நம் நாட்டு நட்சத்திர ஆமையாக இருந்தால் அப்போதே எடுத்துப் போயிருப்போம் என்றும், இது ஆப்பிரிக்கா பக்கத்துத் தரை ஆமை என்றும் சொன்னார். தண்ணீரில் விட்டால் மூழ்கிச் செத்துவிடும், காட்டில் விடவும் கூடாது. வைத்துக்கொள்வதானால் இன்ன விண்ணப்பம் போட வேண்டும் என்று எழுதிக் கொடுத்தார். போட்டேன். முதலாளி பெருமூச்சு விட்டுவிட்டு, “சமையல்கட்டுக்குப் பின்னாடி இருக்கட்டும். முன்னாடி மட்டும் வரக் கூடாது,” என்றார்.

அங்கே செங்கல் அடுக்கி ஓர் அடைப்புக் கட்டினோம். ஆமை வந்தது, இருந்தது, ஆனால் சாப்பிடவில்லை. முட்டைக்கோஸ் போட்டேன். தக்காளி போட்டேன். சமையல்காரர் சோறு போட்டார். எதையும் தொடவில்லை. நாலாம் நாள் யாரோ, பூ என்றால் தின்னும் என்று சொன்னார்கள். முருகர் படத்திலிருந்து கழற்றிய முந்தின நாள் மாலையில் ரோஜாக்களைப் பிய்த்து அதன் முன்னால் போட்டேன். அது கழுத்தை நீட்டியது.

“அய்யய்யோ, எடுங்க! எடுங்க தம்பி அத!”

பின்கதவில் தங்காயி அக்கா நின்றிருந்தார். மாலையைக் கொடுக்க வந்தவர் ஆமை வந்த செய்தி கேட்டுப் பார்க்க வந்திருக்கிறார். நான் குனிவதற்குள் அவரே அடைப்புக்குள் காலை வைத்து, ஒவ்வொரு இதழையும் பொறுக்கி முந்தானையில் போட்டுக்கொண்டார்.

“மருந்தடிச்ச பூவுங்க இது. கீழ தோட்டத்துல நாளுக்கு ஒரு மருந்து அடிக்கறாங்க. பூப் பறிச்ச கையிங்க இது, எனக்குத் தெரியாதா?”

அப்போதுதான் அவர் தன் சின்ன வயதைப் பற்றிச் சொன்னார். கல்யாணமாகி மலைக்கு வரும் முன்பு, சேலத்துக்குத் தெற்கே அரளித் தோட்டங்களில் மொக்குப் பறிக்கும் வேலை. இருட்டிலேயே போய்ப் பறிக்க வேண்டும். மதியத்துக்குள் பாலெல்லாம் கையில் ஒட்டி எரியும். அந்தக் கையோடு சோறு தின்னக் கூடாது, பிள்ளையைத் தொடக் கூடாது என்று மேஸ்திரி அம்மா கத்துவாராம். “மாடுகூட அந்த எலைய மோந்து பாத்துட்டு நவுந்துக்குமுங்க. அரளி சாமிக்கு ஆகும். வாயிருக்கற ஜீவனுக்கு ஆகாது.”

“அப்ப இதுக்கு என்னங்கக்கா போடறது?”

“பாக்கலாங்க,” என்றார்.

மறுநாள் மாலையோடு கூடவே ஒரு வாழை இலைப் பொட்டலம் வந்தது. உள்ளே அவர் வீட்டு வேலியில் பூத்த ஐந்து செம்பருத்தி. “என்ற ஊட்டுலது. மருந்துன்னா என்னன்னே தெரியாத செடிங்க,” என்றார். ஆமை அதையும் தொடவில்லை. எனக்கு நம்பிக்கை போய்விட்டது. அக்கா அடைப்பின் பக்கத்தில் குத்துக்காலிட்டு உட்கார்ந்து அதைக் கொஞ்ச நேரம் பார்த்தார். பிறகு ஓட்டின் மேல் உள்ளங்கையை வைத்தார்.

“ஜில்லுன்னு இருக்குதுங்க. இந்தக் குளிருக்கு வயிறு எப்படிங்க தொறக்கும்? மொதல்ல வெயில்ல வையுங்க.”

பத்து மணிக்கு வெயில் ஏறியதும் முன்பக்கச் சிமெண்டுத் தரையில் வைத்தோம், முதலாளி இல்லாத சமயம் பார்த்து. அரை மணி நேரம் கழித்துத் தலை வந்தது. அக்கா ஒரு செம்பருத்தியைக் காம்பில் பிடித்து நீட்டினார். அது வாயைத் திறந்த வேகத்தில் பூ பாதி காணாமல் போயிற்று. சிவப்புச் சாறு தாடையில் வழிந்தது. தங்காயி அக்கா வாய்விட்டுச் சிரித்து நான் பார்த்தது அதுதான் முதல் தடவை. “பசியிலதாங்க இருந்திருக்குது, பாவம். கேக்கத்தான் வாயில்ல,” என்றார். கடையை அப்படியே போட்டுவிட்டு வந்திருந்தவர், ஐந்து பூவும் தீர்ந்த பிறகுதான் கிளம்பினார்.

அன்றிலிருந்து ஏறக்குறைய இரண்டரை வருடம், அக்கா வந்த நாட்களில் ஒரு நாளும் அந்தப் பொட்டலம் வராமல் இருந்ததில்லை. செம்பருத்தியும் அதன் இலையும், மழைக்காலத்தில் பூசணிப்பூ, அவர் வீட்டு வாசலில் பூக்கும் நாட்டு ரோஜா, எஸ்டேட் தொழிலாளர்களின் லைன் வீடுகள் பக்கம் நிற்கும் மல்பெரி இலை. புதிதாக ஒரு பூ கண்ணில் பட்டால் எடுத்துக்கொண்டு வந்து, “இத உங்க போனுல கேளுங்க தம்பி,” என்பார். நான் தேடிப் படித்துச் சொல்வேன். ஒரு இடத்தில் ஆகும் என்றும், இன்னொரு இடத்தில் ஆகாது என்றும் போட்டிருந்தால், அக்காவிடம் ஒரே தீர்ப்புதான். “ரெண்டு பேச்சு வந்துச்சுன்னா வேண்டாங்க. தெரியாதத நாம எதுக்குக் குடுக்கணும்?” சாமந்தி அப்படித்தான் விலக்கப்பட்டது.

லாட்ஜ் தோட்டத்தில் விருந்தினர்கள் நின்று படம் எடுத்துக்கொள்ளும் நீலக் கொத்துப் பூ, ஹைட்ராஞ்சியா, ஆகாது என்று தெரிந்த அன்று அவர் நிஜமாகவே வருத்தப்பட்டார். “எம்புட்டு அழகா இருக்குது! இதுவுமாங்க?” என்றார். நித்தியகல்யாணி, உண்ணிச்செடி, ஊமத்தை, எருக்கு, செங்காந்தள் என்று ஆகாத வரிசை நீண்டுகொண்டே போனது. ஆகிற வரிசை சின்னதாகவே இருந்தது. இரண்டையும் அவர் சொல்லச் சொல்ல நான் ஒரு பெரிய தாளில் எழுதி, அடைப்புக்கு மேலே சுவரில் ஒட்டினேன். ஆகாத பூக்களில் முதல் பெயராக அரளியைப் போடச் சொன்னார். அதைச் சிவப்பு மையில் எழுதச் சொன்னதும் அவர்தான். “நான் விக்கறதே அதுதானுங்க. அதனால மொதல்ல இருக்கட்டும்.”

ஆமைக்குப் பெயர் வைக்கலாம் என்றேன். வேண்டவே வேண்டாம் என்றுவிட்டார். “உட்டுட்டுப் போனவங்க ஒரு நாளைக்குத் தேடிக்கிட்டு வருவாங்க. பேரு வெச்சுட்டா குடுக்க மனசு வருமுங்களா?” அவர்கள் வருவார்கள் என்று கடைசிவரை நம்பினார். யாரும் வரவில்லை.

இனி எழுதப்போவதை எழுதாமல் தாண்டிப் போய்விடலாமா என்று இரண்டு நாள் யோசித்தேன். அதைச் சொல்லாவிட்டால் அக்காவைச் சொன்னதாகாது.

போன வருடத்துக்கு முந்தின வருடம், கோடை சீசன். லாட்ஜின் புல்வெளியில் ஒரு நிச்சயதார்த்தம் நடந்தது. வாசலில் பூவளைவு, பந்தல்காலுக்கெல்லாம் மாலை. எல்லாம் அரளி, சிவப்பும் வெள்ளையுமாக. இரண்டு நாள் உட்கார்ந்து கட்டிக் கொடுத்தவர் தங்காயி அக்கா. கொண்டுவந்து இறக்கிய அன்றைக்கு என்னைத் தனியாக அழைத்துச் சொன்னார்: “தம்பி, விசேசம் முடிஞ்சதும் ஆள வெச்சு அத்தனையும் அள்ளிக் குப்பை வண்டியில ஏத்திப்புடுங்க. பின்னாடிப் பக்கம் போயிடப் போகுது.” சரிங்கக்கா என்றேன். சொன்னதோடு சரி. அன்று லாட்ஜ் நிரம்பி வழிந்தது. நான் ஒரு நிமிடம்கூட மேசையை விட்டு எழவில்லை. யாரிடமும் சொல்லவும் இல்லை. மறந்துவிட்டேன்.

சீசனுக்காகத் தற்காலிகமாக வந்திருந்த ஓர் அம்மா பந்தலைச் சுத்தம் செய்தார். ஆமை பூ தின்னும் என்று யாரோ சொல்லிக் கேட்டிருக்கிறார். சுவரில் ஒட்டியிருந்த தாள் அவருக்குப் படிக்க வராது. கூடை நிறைய அரளியை அள்ளிக் கொண்டுபோய் அடைப்புக்குள் கொட்டி, “நல்லாத் தின்னு சாமி,” என்று சொல்லிவிட்டு வந்ததாக அவரே பிறகு அழுதுகொண்டே என்னிடம் சொன்னார். அவர்மேல் எனக்கு ஒரு கோபமும் வரவில்லை. அன்பாகத்தான் செய்தார்.

மறுநாள் காலை அக்கா செம்பருத்திப் பொட்டலத்தோடு வந்து பின்பக்கம் போனார். சிறிது நேரம் கழித்து நான் போய்ப் பார்த்தபோது, அவர் அடைப்புக்குள் மண்டியிட்டு, அரளியைக் கை கையாக அள்ளி வெளியே போட்டுக்கொண்டிருந்தார். ஆமையின் வாயில் நுரை. கழுத்து வெளியே நீண்டு தரையில் கிடந்தது. தொட்டால் இழுத்துக்கொள்ளவில்லை.

ஒரு கூடையில் துண்டை விரித்து ஆமையை வைத்துக்கொண்டு, இருவரும் சேலம் பஸ் ஏறினோம். இருபது கொண்டை ஊசி வளைவிலும் கூடை சாயாமல் அக்கா மடியில் இறுக்கிப் பிடித்திருந்தார். கண்டக்டர் கூடையில் என்ன என்று கேட்டார். “ஒடம்பு சரியில்லாத ஜீவனுங்க,” என்றார். கண்டக்டர் டிக்கெட்டைக் கிழித்துக் கொடுத்துவிட்டு முன்னால் போனார்.

சேலத்தில் எனக்குத் தெரிந்த கால்நடை மருத்துவர் ஒருவரிடம் போனோம். நேர்மையான மனிதர். “ஆடு மாடுன்னா எனக்குத் தெரியும். ஆமை இதுவரைக்கும் பாத்ததில்லைங்க,” என்று ஒளிக்காமல் சொன்னார். சென்னையில் இருக்கும் தன் நண்பரைப் போனில் பிடித்துக் கேட்டுக் கேட்டு ஊசி போட்டார், குழாய் வழியே ஏதோ கொடுத்தார். அரளி விஷம் இதயத்தைப் பிடிக்கும், எவ்வளவு தின்றது என்று தெரியாமல் ஒன்றும் சொல்ல முடியாது என்றார். “சூடா வச்சுக்கங்க. தண்ணி குடுங்க. காத்திருக்கறதுதான்.”

“காத்திருந்தா பொழைச்சுக்குமுங்களா டாக்டரு?” என்று அக்கா கேட்டார்.

மருத்துவர் ஆமையின் ஓட்டைத் தடவினார்.

மூன்று நாள் காத்திருந்தோம். ஸ்டோர் ரூமில் பல்பைப் போட்டு அதன் கீழே வைத்திருந்தோம். அக்கா கடை திறக்கவில்லை. முதல் பஸ்ஸில் வந்து, கடைசி பஸ்ஸில் போவார். நான் இடையிடையே மேசையிலிருந்து ஓடிவந்து பார்ப்பேன். ஒரு முறை அவர் செம்பருத்தி இதழ் ஒன்றைக் கசக்கி அதன் வாயோரம் தடவிக்கொண்டிருந்தார். வாசனைக்காவது வாயைத் திறக்காதா என்று. திறக்கவில்லை. மூன்றாம் நாள் மத்தியானம், “தம்பி, வந்து பாருங்க,” என்று கூப்பிட்டார். போனபோது முடிந்திருந்தது.

“நான் கட்டுன மாலைங்க,” என்றார் அக்கா.

“நீங்க சொல்லிட்டுத்தான் போனீங்க அக்கா. மறந்தது நான்.”

“ஆரு மறந்தா என்னங்க தம்பி,” என்றார். அவ்வளவுதான். அதன் பிறகு அவர் இறக்கும்வரை அந்தப் பேச்சை எடுக்கவே இல்லை. என்னைத் திட்டியிருக்கலாம். ஒரு தடவையாவது திட்டியிருந்தால் எனக்குக் கொஞ்சம் லேசாக இருந்திருக்கும்.

நாலாம் நாள் கடை திறந்தார். அரளி மட்டும் வாங்கவில்லை.

இது எவ்வளவு பெரிய காரியம் என்று வெளியூர்க்காரர்களுக்குப் புரியாமல் போகலாம். மலையில் பூக்கடை என்றால் பாதி அரளிதான். கோயிலுக்கு அது வேண்டும், வண்டிக்குப் பூசை போட அது வேண்டும். சேலத்திலிருந்து வரும் மூட்டையில் பெரிய மூட்டை அதுதான். தங்காயி அக்கா தன் பலகையில் மல்லியும் சம்பங்கியும் துளசியும் மட்டும் வைத்துக்கொண்டு உட்கார்ந்தார். வழக்கமாக அவரிடம் மாலை வாங்கும் கோயில் நிர்வாகத்துப் பெரியவர் வந்து, “ஏம்மா, அம்மனுக்கு அரளி இல்லாம என்னம்மா மாலை?” என்று கேட்டபோது நான் பக்கத்து மருந்துக் கடையில் நின்றிருந்தேன்.

“சாமி மேல எனக்கென்னங்க கோவம்? என்ற கை கட்ட மாட்டேங்குதுங்க,” என்றார்.

பெரியவர் எதிர்ப்பக்கத்துக் கடைக்குப் போனார். அங்கே அரளி வழக்கம்போலச் சேலம் பஸ்ஸில் வந்து இறங்கியிருந்தது. அக்கா விட்டதால் மலைக்கு ஒரு மொக்குகூடக் குறைந்து வரவில்லை. இது அவருக்கும் தெரியும். ஒரு நாள் நானே கேட்டுவிட்டேன். “நீங்க விட்டுட்டா ஊர்ல இல்லாமப் போயிடுமாக்கா?”

“போகாதுங்க. எனக்குத் தெரியாதுங்களா?” என்றார். பூ தொடுப்பதை நிறுத்தாமலே சொன்னார்: “வேற ஒன்னும் செய்யத் தெரியலீங்க தம்பி. அதான்.”

முருகேசன் என்னிடம் வந்து முறையிட்டார். “அம்மாகிட்ட நீங்களாவது சொல்லுங்க சார். ஒரு ஆமைக்காக யாராவது தொழில உடுவாங்களா? ஊரே சிரிக்குது.” சொல்லும் யோக்கியதை எனக்கு இல்லை.

வாடிக்கை குறையக் குறைய அவர் கூடையை எடுத்துக்கொண்டு எஸ்டேட் லைன் வீடுகளுக்கு நடக்க ஆரம்பித்தார். மேட்டிலும் பள்ளத்திலும் இறங்கி ஏறி, கொஞ்சம் மல்லி விற்பார். எங்கள் லாட்ஜின் பதினோரு படியில் ஏறும்போது நடுவில் நின்று மூச்சு வாங்குவதைப் போன மழைக்காலத்தில்தான் முதலில் கவனித்தேன். ஆஸ்பத்திரிக்குப் போகச் சொன்னேன். “பாக்கலாங்க,” என்றார். பிறகும் சொன்னேன். “சீசன் முடியட்டுங்க.” கையைப் பிடித்து இழுத்துக்கொண்டு போயிருக்க வேண்டும். நான் மேசையில் உட்கார்ந்துகொண்டு வெறும் வாயால் சொல்லிக்கொண்டிருந்தேன்.

கால் வீங்கி, படுத்தால் மூச்சு முட்டும் நிலை வந்த பிறகுதான் முருகேசன் ஜீப்பில் போட்டுச் சேலத்துக்குக் கொண்டுபோனார். இதயம் மிகவும் பலவீனமாக இருக்கிறது, முன்பே வந்திருக்கலாம் என்றார்களாம். பெரிய ஆஸ்பத்திரியில் பன்னிரண்டு நாள் வைத்துப் பார்த்தார்கள். அவர்களால் ஆனதையெல்லாம் செய்துவிட்டு வீட்டுக்கு அனுப்பினார்கள். அவர் ஆஸ்பத்திரியில் இருந்தபோது ஒரு புதன்கிழமை நான் போயிருந்தேன். ஆரஞ்சுப் பழம் வாங்கிப் போயிருந்தேன். சாப்பிட மாட்டேன் என்றுவிட்டார். தலையணையை முதுகுக்குக் கொடுத்து உட்கார்ந்திருந்தார். முகம் உப்பியிருந்தது.

“லாட்ஜு எப்படீங்க, கூட்டமுங்களா?”

“ஆமாங்கக்கா. நிறைஞ்சிருக்கு.”

“நம்ம எழுதி ஒட்டுன தாளு, செவுத்துல இருக்குதுங்களா?”

சீசனுக்கு முன்னால் முதலாளி பின்சுவருக்கெல்லாம் சுண்ணாம்பு அடித்திருந்தார். தாளை யார் கிழித்தார்கள் என்றுகூட எனக்குத் தெரியாது. அதைத் தடுக்க எனக்குத் தோன்றவும் இல்லை. “இருக்குங்கக்கா. அப்படியே இருக்கு,” என்றேன்.

“இருக்கட்டுங்க. ஆராச்சும் எதையாச்சும் கொண்டாந்து உட்டுட்டுப் போவாங்க. ஏற்காடுதானுங்களே.”

அதுதான் அவர் என்னிடம் பேசிய கடைசிப் பேச்சு. பதிலுக்கு நான் சொன்னது பொய். அதை இங்கே எழுதி வைக்கிறேன், அவருக்கு எழுதுவதில் ஒன்றையாவது நேராகச் சொல்ல வேண்டும் என்பதற்காக.

ஞாயிறன்று இரண்டு மணிக்குத்தான் மேசைக்கு மாற்று ஆள் கிடைத்தது. செம்மநத்தம் போய்ச் சேர்ந்தபோது மூன்றரை. வீட்டு வாசலில் ஜனம் கூடியிருந்தது. ஒண்டிக்கடைப் பூக்காரர்கள் அத்தனை பேரும் வந்திருந்தார்கள். தங்கள் தொழிலில் மூத்த ஒருவரை வழியனுப்ப, அவரவர் கடையில் இருந்ததிலேயே பெரிய மாலையைக் கட்டிக் கொண்டுவந்திருந்தார்கள். எல்லாம் அரளி. அக்காவின் மார்பிலிருந்து பாதம்வரை சிவப்பும் வெள்ளையுமாக மூடிக் கிடந்தது. யாரைக் குறை சொல்ல? இருப்பதில் நல்லதைத்தான் கொண்டுவந்தார்கள். எடுத்துவிடுங்கள் என்று சொல்ல என் நாக்கு எழவில்லை. நான் அவர் காலைத் தொட்டுக் கும்பிட்டுவிட்டு ஓரமாக நின்றேன்.

ஊர் வழக்கப்படி, தூக்கிப் போகும்போது மாலைகளைப் பிய்த்து வழியெல்லாம் இறைத்துக்கொண்டே போனார்கள். பறைச் சத்தம் முன்னால் போனது. நான் கடைசி ஆளாக நடந்தேன். ரோட்டின் மேலே சரிவில் ஒரு ஆட்டு மந்தை மேய்ந்துகொண்டிருந்தது. நாலைந்து ஆடுகள் தலையைத் தூக்கிப் பூவைப் பார்த்தன. ஒரு குட்டி சரிவில் இறங்க ஆரம்பித்தது.

நான் குனிந்தேன். சட்டைப் பையிலிருந்த பாலித்தீன் பையை விரித்துப் பொறுக்கினேன். பை உடனே நிறைந்துவிட்டது. வேட்டியை மடித்துக் கட்டி அதில் போட்டேன். தார் ரோட்டில் மிதிபட்டு ஒட்டிய இதழ்களை நகத்தால் சுரண்டினேன். திரும்பிப் பார்த்தவர்கள் ஒன்றும் புரியாமல் பார்த்தார்கள். ஊர்வலம் வளைவில் மறைந்து போயிற்று. மண் போடும் நேரத்துக்கு நான் அங்கே இல்லை.

ஆடுகளை ஓட்டிக்கொண்டு ஓர் அம்மா இறங்கி வந்தார். நான் கையை வீசி ஆடுகளை விரட்டினேன்.

“ஏனுங்க, ஆட்டை எதுக்குங்க தொரத்தறீங்க?”

“அரளிங்கம்மா. தின்னா செத்துடும்.”

அவர் ரோட்டைப் பார்த்தார். வளைவுவரை சிவப்பாகக் கிடந்தது. என் மடியைப் பார்த்தார். “அப்படீங்களா!” என்று சொல்லிவிட்டு, குச்சியைக் குறுக்கே நீட்டி ஆடுகளை மேல்பக்கம் திருப்பினார். கொஞ்ச தூரம் போய் நின்று, திரும்பிக் கேட்டார்:

“இன்னிக்கு நான் இப்படியே ஓட்டிக்கிட்டுப் போயிடறனுங்க. நாளைக்குக் காலையில ஊர் ஆடெல்லாம் இந்த வழியாத்தானுங்க வரும். அப்ப ஆரு நிப்பாங்க?”

ஏற்காட்டுக்குக் கடைசி ஜீப் ஹாரன் அடித்துக்கொண்டிருந்தது. இருட்டும்வரை பொறுக்கினேன், பாதிகூட முடியவில்லை.

தங்காயி அக்கா, என்னால் ஆனது அவ்வளவுதான். போய் வாருங்கள்.